அப்பளராஜாவுக்கு அடியில் ஒரு மேளம்

அக்டோபர் 1, செவ்வாய்

பி.பி. ஏறிக் கிடக்கிறதாம். டாக்டர் மாத்திரையை மாற்றிக் கொடுத்துவிட்டு, "கோவம் வந்தா கத்தாதீங்கம்மா. ஒரு டைரில எழுதிருங்க" என்றார். எனக்குக் கோபமே வராது என்றேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் வீட்டுக்காரர் தெய்வநாயகம் இருமினார்.

வருகிற வழியிலேயே கடையில் நிறுத்தி இந்த டைரியை வாங்கிக் கொடுத்தார். முக்கால் வருஷம் முடிந்துபோன டைரி. மிச்சமிருக்கிற தாள் உனக்குப் பத்துமா மங்கை என்று ஒரு கேள்வி வேறு. தீபாவளிச் சேலைகள் ஃபால்ஸ் அடிக்க வந்து கட்டில் முழுக்கக் கிடக்கின்றன. இதை எழுதுகிற நேரத்தில் ஒரு சேலையை முடித்திருப்பேன்.

அக்டோபர் 2, புதன்

கரண்ட் இல்லை. மெஷின் ஓடவில்லை. கோபம் வந்தது, எழுதிவிட்டேன். போகவில்லை.

அக்டோபர் 4, வெள்ளி

கதிரேசன் ஓசூரிலிருந்து போன் பண்ணினான். என் நாத்தனார் சொர்ணத்தின் மகன். அவனோடு எனக்கு ஒன்றும் சண்டையில்லை. அவன் அம்மாவோடுதான் பேசுவதில்லை.

"அத்தை, உங்க கல்யாணக் கேசட்டு இன்னும் இருக்கா?"

"இருந்தா என்ன?"

"அதுல பட்டாணிப் பெட்டி இருக்குல்ல. அதுக்குத்தான்."

இருக்காதா பின்னே. நர்சரிக்குக்கூடப் போகாத சின்னஞ்சிறுசுகளுக்காக வாரம் ஒருநாள் டிவியில் போட்ட நிகழ்ச்சி அது. ஒரு தகரப் பெட்டி திறக்கும், உள்ளேயிருந்து அப்பளராஜா என்கிற வட்ட மூஞ்சிப் பொம்மை எட்டிப் பார்க்கும். 'ஒரு பட்டாணி உருண்டுச்சு, ரெண்டு பட்டாணி துரத்துச்சு' என்று கையை ஆட்டிப் பாடும். எடுத்த கம்பெனி மூடும்போது, இருந்த டேப்புகள் மேலேயே வேறெதையோ பதிந்து தள்ளிவிட்டார்களாம். ஒரு வாரத்து நிகழ்ச்சிகூட மிச்சமில்லை. இப்போது 'பொம்மைப் பேழை' என்று இன்டர்நெட்டில் சில பேர் பழைய பிள்ளைகள் நிகழ்ச்சிகளைத் தேடித் தேடிச் சேர்த்து, யார் வேண்டுமானாலும் பார்க்கிற மாதிரி வைக்கிறார்கள். அங்கே போய் இவன், 'எங்க அத்தை கல்யாணக் கேசட்ல ஒரு வாரம் முழுசா இருக்கு' என்று எழுதி வைத்திருக்கிறான். என் மானம் கப்பலேறிவிட்டது.

எழுதச் சொன்னார்கள், முழுசாகவே எழுதிவிடுகிறேன். எனக்குக் கல்யாணம் தொண்ணூறு ஆவணியில். ஐப்பசியில் அப்பா போய்விட்டார். நெஞ்சுவலி என்று சொல்லி முடிப்பதற்குள் போய்விட்டார். பஸ் கண்டக்டர். பெரியார் நிலையத்தில் நின்று குரல் கொடுத்தால் சிம்மக்கல்லில் கேட்கும் என்பார்கள். காரியமெல்லாம் முடிந்து மாமனார் வீட்டுக்குத் திரும்பிய அன்று, அப்பா குரலைக் கேட்கவேண்டும்போல் இருந்தது. கேசட்டைப் போட்டேன்.

அந்தக் காலத்து வீடியோக்காரர்கள் கல்யாணம் முழுக்கச் சினிமாப் பாட்டு ஏற்றிவிடுவார்கள். தாலி கட்டுகிற இடத்தில் மட்டும்தான் நிஜச் சத்தத்தை விடுவார்கள். அங்கேதான் அப்பா பேசுவார். இவர் முதல் முடிச்சைப் போட்டுவிட்டு விலக, மற்ற இரண்டையும் நாத்தனார் முறைக்குச் சொர்ணம் மதினி போட்டாள். அப்பா அவள் பக்கம் குனிந்து என்னவோ சொன்னார், சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நான் தலை குனிந்திருந்தேன், கெட்டிமேளத்தில் ஒன்றும் காதில் விழவில்லை. கேசட் வந்த அன்று தெருவே கூடி உட்கார்ந்து இரைந்ததில் அப்போதும் விழவில்லை. பிறகு கேட்டுக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டேன்.

டிவியில் இவர் தாலியைக் கையில் வாங்கினார். டக்கென்று தகரப் பெட்டி திறந்து அப்பளராஜா பட்டாணி எண்ண ஆரம்பித்தான். அவன் எண்ணி முடித்தபோது பந்தி ஓடிக்கொண்டிருந்தது.

"பிள்ளை அழுதான் மங்கை. கைக்குக் கிடைச்ச கேசட்டைப் போட்டு ரெக்கார்டை அமுக்கிட்டேன்" என்றாள், பிள்ளையோடு அங்கே வந்து தங்கியிருந்த மதினி. அன்றைக்கு நான் கத்தியது தெருமுனை டீக்கடை வரைக்கும் கேட்டதாம். எனக்கும் அப்பா தொண்டைதான்.

அதோடு பேச்சு நின்றது. அப்பா முகம் ஃபோட்டோவில் இருக்கிறது, கேசட்டின் மற்ற இடங்களில் நடமாடவும் செய்கிறார். குரல்தான் இல்லை. நினைத்து நினைத்துப் பார்த்து, இப்போது நினைவிலும் இல்லை. இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

கதிரேசனிடம், கேசட் கிடையாது, பரணில் எலி தின்றுவிட்டது என்று சொல்லி வைத்துவிட்டேன்.

அக்டோபர் 7, திங்கள்

எலி தின்ற கேசட்டைப் பார்க்க முடியுமா என்று ஒரு பெண் போன் பண்ணினாள். நஸீமா, திண்டுக்கல். பகலில் கண் ஆஸ்பத்திரியில் கணக்கு வேலை, மற்ற நேரமெல்லாம் பொம்மைப் பேழை.

"இருக்கிற வேலை பத்தாதா உனக்கு?" என்று கேட்டேன்.

"நல்லாத் திட்டுங்கம்மா, கேட்டுக்கறேன். ஆனா ஒண்ணு. அந்த நிகழ்ச்சில இன்னிக்கு உலகத்துல மிச்சமிருக்கறது உங்க வீட்டுல இருக்கறது மட்டும்தான்."

உலகத்தில். பரண்மேல், பழைய குக்கருக்குப் பக்கத்தில் கிடக்கிறது.

அக்டோபர் 8, செவ்வாய்

எடுத்துப் பார்த்தேன். நாடா ஓரத்தில் வெள்ளையாகப் பூசணம். நஸீமாவிடம் சொன்னேன். சுத்தம் பண்ணி ஓட்டலாம், ஆனால் ஒரு தடவைதான் தாங்கும், இரண்டாம் தடவை அறுந்தாலும் அறுந்துவிடும் என்றாள். கொரியரில் அனுப்புவீங்களா என்று கேட்கக்கூட அவள் துணியவில்லை. அவளே வருகிறாளாம்.

மத்தியானம் அந்தப் பொம்மைப் பேழையைப் போனில் திறந்து பார்த்தேன், என்னதான் என்று. ஒரு காலத்தில் பிள்ளைகளைச் சாப்பிட உட்கார வைக்க டிவியில் போட்ட குட்டிக் குட்டி நிகழ்ச்சிகள். காகிதத்தில் வெட்டிய நிலா, சாக்ஸில் செய்த கழுதை, அ ஆ சொல்லித்தரும் ஓர் அக்கா. படம் ஆடுகிறது, ஓரத்தில் கோடு கோடாக ஓடுகிறது. எல்லாம் யார் யார் வீட்டுப் பரணிலிருந்தோ வந்தவை. கீழே யாரோ எழுதியிருந்தார்கள்: இந்தக் கழுதையை நான் கனவில் கண்டதாகவே இத்தனை நாளும் நினைத்திருந்தேன், நிஜமாகவே இருந்திருக்கிறது. அதைப் படித்துவிட்டு மெஷினை நிறுத்திவிட்டேன். பால் பொங்கி அடுப்பு பாழ்.

அக்டோபர் 11, வெள்ளி

ஆயுத பூஜை. மெஷினைத் துடைத்துப் பொட்டு வைத்தேன். திரும்பிப் பார்த்தால் இவர் கேசட்டுக்கும் சந்தனம் வைத்துக்கொண்டிருக்கிறார். பூசணம் பிடித்த சாமானில் ஈரச் சந்தனமா என்று பிடுங்கித் துடைத்தேன். "அதுவும் ஆயுதம்தானடி, அதை வச்சுத்தான இம்புட்டு வருஷமாச் சண்டை போடுற" என்கிறார்.

மதினி போன் பண்ணினாள். எல்லா விசேஷத்துக்கும் பண்ணுவாள். வழக்கம்போல எடுத்து அவரிடம் நீட்டினேன். தம்பிக்குத் தனியாகப் போன் இருக்கும்போது என் நம்பருக்கு எதற்கு அடிக்கிறாள் என்று எனக்குப் புரிவதே இல்லை.

அக்டோபர் 13, ஞாயிறு

நஸீமா வந்தாள். முப்பத்தைந்து வயதிருக்கும். பழைய வீடியோ டெக் ஒன்றைத் துண்டில் சுற்றிப் பிள்ளையைத் தூக்கி வருவதுபோல மார்போடு தூக்கி வந்தாள். சாப்பிடச் சொன்னால் வேலையை முடித்துவிட்டு என்றாள். எனக்கு அந்தக் குணம் பிடித்தது, காட்டிக்கொள்ளவில்லை.

என் கட்டில் சேலைகளையெல்லாம் ஒதுக்கிவிட்டு, கேசட்டின் திருகுகளைக் கழற்றி நாடாவை வெளியே எடுத்தாள். மெல்லிய துணியால் கொஞ்சம் கொஞ்சமாகத் துடைத்தாள். நாடா என்பது பிளாஸ்டிக்கில் ஒட்டிய துருத்தூள்தானாம். துரு. அதற்குள்தான் என் கல்யாணம், அப்பா, பந்தி, பொம்மை எல்லாம் இருக்கிறது என்றாள். நான் விரலில் ஒட்டிய பழுப்பைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். புடவையில் துடைக்க மனசு வரவில்லை.

கேசட்டின் முதுகில் ஒரு சின்னத் துண்டு இருக்குமாம். கல்யாணக் கேசட் கொடுக்கும்போது ஸ்டுடியோக்காரர் அதை உடைத்துவிட்டால், மேலே யாராலும் எதையும் பதிய முடியாதாம். என்னுடையதில் உடைக்கவில்லை. இத்தனை வருஷத்தில் எனக்கு இது தெரியாது. தெரிந்திருந்தால் ஸ்டுடியோக்காரனையும் சேர்த்துத் திட்டியிருப்பேன்.

வேறு கூட்டில் மாற்றி ஓட்டினாள். மாப்பிள்ளை அழைப்பு வந்தது. என் வீட்டுக்காரருக்குத் தலை நிறைய முடி. அப்பா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு யாரையோ பார்த்துக் கையாட்டி வாயசைக்கிறார், மேலே சினிமாப் பாட்டு ஓடுகிறது. மணவறை வந்தது. தாலி வந்தது. தகரப் பெட்டி திறந்தது.

நஸீமா வாயைப் பொத்திக்கொண்டாள், கண் நிறைந்துவிட்டது. நானும் முதல்முறையாக அந்தப் பொம்மையைக் கண்ணால் பார்த்தேன். அன்றைக்கு எங்கே பார்த்தேன், கத்தத்தானே செய்தேன். பொம்மை ஒவ்வொரு பட்டாணியையும் தூக்கிப் பார்த்து வியந்து போகிறது. பார்க்கிற பிள்ளை பதில் சொல்லட்டும் என்று சும்மா காத்திருக்கிறது. அவசரமே இல்லை. பொம்மைக்குக் கீழே, துணி விலகும்போதெல்லாம், ஆட்டுகிற கையின் கண்ணாடி வளையல் தெரிகிறது. யாரோ ஒரு பொம்பளை பெட்டிக்கு அடியில் முட்டிபோட்டுக் கையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு இருந்திருக்கிறாள்.

நாடா அறுந்துபோகவில்லை. முடிந்ததும் மூன்று பேரும் சாம்பார் சாதம் சாப்பிட்டோம்.

அக்டோபர் 17, வியாழன்

"படம் நல்லா வந்துருச்சும்மா. சத்தத்துலதான் ஒரு இரைச்சல். நானும் என்னென்னமோ பண்ணிப் பார்க்கறேன், போக மாட்டேங்குது" என்றாள் நஸீமா.

"என்ன மாதிரி இரைச்சல்?"

"பொம்மை சும்மா இருக்கற நேரத்துல அடியில டும்டும்னு ஏதோ ஓடுது. நடுவுல யாரோ ஒரு ஆளு 'ரைட்டு, ரைட்டு'ன்னு சொல்ற மாதிரி."

நான் கையிலிருந்த கத்தரிக்கோலைக் கீழே வைத்தேன். நல்ல சேதிக்கெல்லாம் ரைட்டு ரைட்டு என்று இரண்டு முறை சொல்கிற ஆள் இந்த மதுரையில் ஒருத்தர்தான் இருந்தார்.

"அதை எடுத்துறாத" என்றேன். இவர்தான் போனை வாங்கி விஷயத்தைச் சொன்னார்.

அக்டோபர் 18, வெள்ளி

நேற்று முழுக்கப் புரியவில்லை, இன்று மறுபடி கேட்டுத் தெரிந்துகொண்டேன். புதிதாகப் பதியும்போது டெக்கில் ஒரு பாகம் முன்னால் போய்ப் பழையதை அழித்துக்கொண்டே வருமாம். மாமனார் வீட்டில் இருந்தது சிங்கப்பூரிலிருந்து வந்த கிழட்டு டெக். அதில் அந்தப் பாகம் தேய்ந்துபோயிருக்க வேண்டும் என்கிறாள். படம் போய்விட்டது. சத்தம் முழுசாக அழியாமல் பொம்மைக்கு அடியிலேயே கிடந்திருக்கிறது.

இத்தனை வருஷமும் அப்பா அங்கேயேதான் இருந்திருக்கிறார். நான் பரணுக்குக் கீழே நின்று தினமும் சாமி கும்பிட்டிருக்கிறேன்.

நஸீமா வேலையைத் திருப்பிப் போடப் போகிறாளாம். பொம்மையின் சத்தத்தை இறக்கி, இரைச்சலை மேலே தூக்கப் பார்க்கிறேன், வார்த்தை கிடைக்கும் என்று சொல்ல முடியாது, மேளமாக மட்டும் இருந்தாலும் இருக்கும் என்றாள்.

அக்டோபர் 21, திங்கள்

சேலைகள் குவிகின்றன. பச்சைச் சேலைக்கு நீல ஃபால்ஸ் வைத்து அடித்துவிட்டுப் பிரித்தேன்.

கதிரேசன் பேசினான். நஸீமா அவனுக்குப் படத்தை அனுப்பியிருக்கிறாள்.

"எனக்கு நாலு வயசு வரைக்கும் பேச்சு வரலைல அத்தை. உங்களுக்குத் தெரியும்ல?"

தெரியும். ஊமையாகிவிடுமோ என்று மதினி கோயில் கோயிலாக அலைந்தது தெரியும். அப்போது அதெல்லாம் எனக்குக் கண்ணில் படவில்லை.

"இந்தப் பொம்மை காத்துக்கிட்டு நிக்கும்ல, அப்போ நான் டிவி முன்னாடி வாயைத் தொறந்தேனாம். அதைப் பார்த்துட்டுத்தான் அடுத்த வாரம் ஆரம்பத்துலேயே அம்மா ஓடிப்போய் அமுக்கியிருக்கு. ஒரு வாரம் திரும்பத் திரும்பப் போட்டுக் காட்டிச்சாம். நான் முதமுதல்ல சொன்ன வார்த்தை பட்டாணி."

பிள்ளை அழுதான் என்று மட்டும்தானே சொன்னாள் என்றேன்.

"நீங்க மேல எங்க சொல்ல விட்டீங்க?" என்றான். சிரித்துக்கொண்டேதான் சொன்னான்.

பி.பி. பார்க்கப் போகவேண்டும். போகவில்லை.

அக்டோபர் 23, புதன்

வார்த்தை ஒன்றும் கிடைக்கவில்லை, மேளம்தான் மேலே வருகிறது என்று நஸீமா சொன்னாள். பரவாயில்லை, ரைட்டு போதும் எனக்கு என்றேன். பொய்.

அக்டோபர் 26, சனி

வந்துவிட்டது.

மெஷினில் உட்கார்ந்திருந்தேன். கேளுங்கம்மா என்று மட்டும் எழுதி அனுப்பியிருந்தாள். இவரைக் கூப்பிட்டேன். அவர் கை கழுவிவிட்டு வருவதற்குள் பொறுக்கமாட்டாமல் அமுக்கிவிட்டேன்.

முதலில் மழை பெய்கிற மாதிரிச் சத்தம். கெட்டிமேளம் எங்கோ தூரத் தெருவில் கேட்கிறது. அப்பளராஜா கிணற்றுக்குள் இருந்து பட்டாணி எண்ணுகிறான். அதற்கு நடுவில், பஸ் கூட்டத்தைத் தாண்டிப் பேசிப் பழகிய தொண்டை:

"சொர்ணம், ரெண்டு முடிச்சையும் இறுக்கிப் போடு தாயி. எம்மக கோவக்காரி. மூஞ்சியத் தூக்கி வச்சுக்குவா. நீ விட்றாத."

எல்லோரும் சிரிக்கிறார்கள். பிறகு, "ரைட்டு, ரைட்டு."

அவ்வளவுதான். மறுபடி மழை.

இந்தக் குரலையா நான் மறந்துபோனேன் என்று நினைத்தேன். கேட்ட மாத்திரத்தில் உடம்பெல்லாம் தெரிந்துகொண்டது. எத்தனை முறை போட்டேன் என்று தெரியாது. இவர் பக்கத்தில் உட்கார்ந்து என் முதுகைத் தடவிக்கொண்டே இருந்தார். எனக்குப் பயமாகக்கூட இருந்தது, சாமி வந்த இடத்தில் நிற்கிற மாதிரி. ஒரு பொம்மையும் கொஞ்சம் துருவும் சேர்ந்து என் அப்பாவைக் காப்பாற்றி வைத்திருக்கின்றன.

மதினிக்குச் சொல்லலையா என்று கேட்டார். நாளைக்கு என்றேன்.

அக்டோபர் 27, ஞாயிறு

சொல்லவில்லை. நம்பரை எடுத்துவிட்டு, வைத்துவிட்டேன். என்ன சொல்லி ஆரம்பிப்பது.

அக்டோபர் 28, திங்கள்

நஸீமா பட்டாணிப் பெட்டியைப் பேழையில் ஏற்றிவிட்டாள். மேளத்தை எடுக்கவில்லை. 'இதற்கு அடியில் கேட்பது ஒரு கல்யாணம்' என்று கீழே எழுதியிருக்கிறாள். நான்தான் அப்படியே விடச் சொன்னேன்.

எங்கெங்கேயோ இருந்தெல்லாம் பார்க்கிறார்கள். பெரிய பெரிய ஆட்கள், மீசை வைத்தவர்கள், பட்டாணி பட்டாணி என்று எழுதுகிறார்கள். சாயங்காலம் ஒருத்தர் எழுதியிருந்தார்: 'அந்த வளையல் கை என் அம்மாவுடையது. அம்மா வேலை செய்து நான் பார்த்ததே இல்லை. இன்று பார்த்தேன். கேசட் வைத்திருந்த அம்மாவுக்கு நன்றி.'

நான் எங்கே வைத்திருந்தேன். கோபத்தில் தூக்கிப்போடாமல் இருந்தேன், அவ்வளவுதான்.

அக்டோபர் 30, புதன்

மதினி அனுப்பிய முறுக்கு வந்தது. வருஷா வருஷம் வரும். நான் தொடமாட்டேன் என்று இவருக்குத் தெரியும். டப்பா எப்படிக் காலியாகிறது என்று அவர் ஒருநாளும் கேட்டதில்லை. கடைசிச் சேலையைக் கொடுத்து அனுப்பிவிட்டேன்.

அக்டோபர் 31, வியாழன். தீபாவளி

எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு வடைக்கு மாவு எடுக்கும்போது போன் அடித்தது. மதினி. அவர் வழக்கம்போல் வந்து கையை நீட்டினார். நான் மாவுக் கையோடு காதில் வைத்துக்கொண்டேன்.

"மதினி" என்றேன்.

கட்டாகிவிட்டதோ என்று பார்த்தேன்.

"யாரு, மங்கையா?"

"ஆமா. ஒண்ணு போடுறேன், கேளுங்க."

நஸீமா அனுப்பியது அவர் போனிலும் இருந்தது, அதை வாங்கிப் பக்கத்தில் வைத்து அமுக்கினேன். மழை பெய்தது. மேளம் வந்தது. அப்பா சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். ரைட்டு, ரைட்டு.

மதினி அழுகிறாள் என்று தெரிந்தது. நானும்தான்.

"இதேதான் சொன்னாரு" என்றாள். "அம்புட்டுப் பேர் முன்னாடி என்கிட்டச் சொல்லிட்டுப் போனாரே. எப்படி விடுவேன். தம்பிகிட்டப் பேசவா நான் ஒவ்வொரு தீபாவளிக்கும் பொங்கலுக்கும் உன் நம்பருக்கு அடிச்சேன்?"

அடுப்பில் எண்ணெய் காய்ந்து புகைந்தது. இவர் போய் அணைத்துவிட்டு வந்து நின்றார், மறுபடி கையை நீட்டினார். எங்க அக்கா, நான் பேச வேண்டாமா என்றார்.

உங்க நம்பருக்கு அடிச்சாப் பேசுங்க என்றேன்.